ஒன்றுக்கு எவ்வளவு? வாசகர் கேள்வி–பதில்

‘இத்தனைக்கு இவ்வளவு என்றால் அத்தனைக்கு எவ்வளவு?’ என்ற வகைக் கணக்குகளைப் பற்றிப் பெற்றோரும் ஆசிரியர்களும் நிறையக் கேட்டிருக்கிறார்கள். பள்ளியில் இதை ஓரலகு முறை என்பார்கள். ஒரே மாதிரியான கேள்விகளைச் சேர்த்துப் பதில் தந்திருக்கிறோம்.

கேள்வி: என் மகள் நான்காம் வகுப்பு. பெருக்கல், வகுத்தல் இரண்டையும் தடுமாறாமல் செய்வாள். ஆனால் ‘6 நோட்டுகளில் 288 பக்கங்கள் என்றால் 9 நோட்டுகளில் எத்தனை பக்கங்கள்?’ என்று வாக்கியமாக வந்துவிட்டால், “அம்மா, பெருக்கணுமா வகுக்கணுமா?” என்று கேட்கிறாள். எப்படிச் சொல்லிக்கொடுப்பது?

பதில்: அந்தக் கேள்விக்கு நீங்கள் நேராக விடை சொல்லிவிட்டால், அடுத்த கணக்குக்கும் அதையே கேட்பாள். அதற்குப் பதில் நீங்கள் இரண்டு கேள்விகள் கேளுங்கள். முதலாவது, ‘எதைக் கண்டுபிடிக்கச் சொல்லியிருக்கிறார்கள்?’ பக்கங்களை. இரண்டாவது, ‘எது ஒன்றுக்குத் தெரிந்தால் போதும்?’ ஒரு நோட்டுக்கு. இந்த இரண்டாவது விடை வாயால் வரும்வரை பென்சிலைத் தொட வேண்டாம். இந்தப் பாடத்தின் உயிரே அந்த ஒரு விடையில்தான் இருக்கிறது. எதை ஒன்றாக்குகிறோம் என்று தெரியாமல் போடும் வகுத்தல் வெறும் யூகம்.

பிறகு மூன்று வரிகள் எழுதச் சொல்லுங்கள்:

6 நோட்டுகள் – 288 பக்கங்கள்
1 நோட்டு – 288 ÷ 6 = 48 பக்கங்கள்
9 நோட்டுகள் – 48 × 9 = 432 பக்கங்கள்

கண்டுபிடிக்க வேண்டியது எப்போதும் வலப்பக்கம். எதை ஒன்றாக்கப் போகிறோமோ அது இடப்பக்கம். இப்போது இடப்பக்கத்தை மட்டும் மேலிருந்து கீழே படிக்கச் சொல்லுங்கள்: 6, 1, 9. ஆறு ஒன்றாக வேண்டுமானால் 6-ஆல் வகுக்க வேண்டும். வலப்பக்கத்தையும் அப்படியே வகுக்கிறோம். ஒன்று ஒன்பதாக வேண்டுமானால் 9-ஆல் பெருக்க வேண்டும், வலப்பக்கத்தையும் பெருக்குகிறோம். பெருக்கணுமா வகுக்கணுமா என்பதை இடப்பக்கமே சொல்லிவிடுகிறது.

நடு வரியில் வெறும் 48 என்று எழுதி நிறுத்த விடாதீர்கள். ‘ஒரு நோட்டுக்கு 48 பக்கங்கள்’ என்று வாய்விட்டுச் சொல்ல வேண்டும். 48 என்ன என்று மறந்த குழந்தைதான் அடுத்த வரியில் அதை 6-ஆல் பெருக்கி மறுபடி 288-க்கே வந்து நிற்கும்.

கணக்குப் போடுவதற்கு முன்பே ஒரு மதிப்பீடும் செய்யட்டும். 9 நோட்டு என்பது 6-ஐவிடக் கூட, 12-ஐவிடக் குறைவு. ஆகவே விடை 288-க்கும் 576-க்கும் இடையில் இருக்க வேண்டும். அந்த எல்லைக்கு வெளியே எது வந்தாலும் அழித்துவிட்டு மறுபடி பார்க்க வேண்டும்.

கேள்வி: ‘4 பெட்டிகளில் 20 பந்துகள், 6 பெட்டிகளில் எத்தனை?’ என்றால் என் பையன் 22 என்கிறான். ஏன் என்று கேட்டால் “இரண்டு பெட்டி கூடிச்சு, அதனால இரண்டு கூட்டினேன்” என்கிறான்.

பதில்: இது கவனக்குறைவு இல்லை. கூட்டலை நன்றாகப் பழகிய பிள்ளைகள், இரண்டு பக்கமும் ஒரே அளவு கூடும் என்று நினைப்பது வழக்கம். ‘தப்பு’ என்று சொல்லி 30-ஐ எழுதிக்கொடுத்தால் அந்த நினைப்பு அப்படியே உள்ளே இருக்கும். எண்கள் மாறியதும் மறுபடி தலைகாட்டும்.

நான்கு கட்டங்கள் வரைந்து 20 புள்ளிகளைச் சமமாக அவனையே பங்கிடச் சொல்லுங்கள். கட்டத்துக்கு ஐந்து வரும். பிறகு இன்னும் இரண்டு கட்டம் வரைந்து, ‘நீ சொன்ன 22-இன்படி இந்தப் புதுப் பெட்டிகளில் எத்தனை பந்து போடுவாய்?’ என்று கேளுங்கள். இரண்டு பெட்டிக்கு இரண்டே பந்து, அதாவது ஆளுக்கொன்று. பழைய பெட்டியில் ஐந்தும் புதுப் பெட்டியில் ஒன்றும் இருப்பதை அவனே கண்ணால் பார்ப்பான். கணக்கில் ‘ஒவ்வொன்றிலும் சம எண்ணிக்கையில்’ என்ற சொற்கள் விடுபட்டிருந்தால் நீங்கள் சேர்த்துப் படியுங்கள். அந்தச் சொற்கள் இல்லாமல் இந்தக் கணக்குக்கு விடையே கிடையாது.

கேள்வி: வகுப்பில் பாதிப் பேர் எப்போதும் பெரிய எண்ணைச் சின்ன எண்ணால் வகுக்கிறார்கள். பெரும்பாலும் சரியாக வருவதால் திருத்துவது கடினமாக இருக்கிறது. (ஓர் ஆசிரியை)

பதில்: சரியாக வருவதுதான் சிக்கல். நாம் கொடுக்கும் கணக்குகளில் வலப்பக்க எண் எப்போதும் பெரிதாகவே இருந்தால், பிள்ளைகள் ஓரலகு முறையைக் கற்றுக்கொள்வதில்லை. ‘பெரிசு ÷ சிறிசு’ என்ற குறுக்குவழியைத்தான் கற்கிறார்கள். அது உடையும் கணக்கைத் தொடக்கத்திலேயே கொடுங்கள்:

‘ஒரே நீளமுள்ள 8 நாடாத் துண்டுகளின் மொத்த நீளம் 6 மீட்டர். 5 துண்டுகளின் நீளம் எவ்வளவு?’

8 ÷ 6 போட்டவர்களுக்கு ஒன்றேகாலுக்கு மேல் ஏதோ வரும். ‘ஒரு துண்டே ஒரு மீட்டருக்கு மேல் என்றால் எட்டுத் துண்டு எப்படி 6 மீட்டருக்குள் அடங்கும்?’ என்று கேட்டால் அவர்களே நிறுத்திவிடுவார்கள். தசமம் வராத வகுப்பானால் 6 மீட்டரை 600 செ.மீ. ஆக்குங்கள்: 600 ÷ 8 = 75 செ.மீ., 75 × 5 = 375 செ.மீ., அதாவது 3 மீ. 75 செ.மீ.

இதன் இன்னொரு முகமும் உண்டு. ஒரு குழாய் 4 நிமிடத்தில் 12 லிட்டர் நிரப்புகிறது என்றால் இரண்டு விதமாகவும் வகுக்கலாம். இரண்டுக்குமே பொருள் இருக்கிறது. 12 ÷ 4 என்றால் நிமிடத்துக்கு 3 லிட்டர். 4 ÷ 12 என்றால் லிட்டருக்கு மூன்றில் ஒரு பங்கு நிமிடம், அதாவது 20 விநாடி. 30 லிட்டர் நிரம்ப எவ்வளவு நேரம் என்ற கேள்விக்கு இரண்டு வழியுமே போய்ச் சேரும்: 30 ÷ 3 = 10 நிமிடம்; 20 × 30 = 600 விநாடி, அதுவும் 10 நிமிடம். ஆகவே ‘இப்படித்தான் வகுக்க வேண்டும்’ என்று மனப்பாடம் செய்ய வைப்பதைவிட, ‘வகுத்து வந்தது எதற்கு எவ்வளவு?’ என்று ஒவ்வொரு முறையும் கேட்பதே பிள்ளைகளுக்கு நெடுநாள் உதவும்.

கேள்வி: ‘9 பெட்டிகளின் எடை 24 கிலோ, 15 பெட்டிகளின் எடை?’ என் மகன் 24-ஐ 9-ஆல் வகுத்து 2.67 என்று எழுதி, 15-ஆல் பெருக்கி 40.05 என்று விடை எழுதினான். முறை சரிதானே, ஏன் மதிப்பெண் இல்லை?

பதில்: முறை சரி. விடை 40 கிலோ. தவறு நடு வரியில் நடந்தது. 24 ÷ 9 என்பது 2.666… என்று முடியாமல் போகும். அதை 2.67 என்று முழுமைப்படுத்தியதும் ஒரு சிறு கூடுதல் உள்ளே வந்துவிட்டது. 15-ஆல் பெருக்கியபோது அந்தக் கூடுதலும் 15 மடங்கானது. முழுமைப்படுத்தல் என்பது கடைசி வரியில் மட்டும் செய்ய வேண்டிய வேலை.

தப்பிக்க மூன்று வழிகள் உள்ளன. ஒன்று, வகுத்தலைத் தள்ளிப்போடுவது: நடு வரியில் 24/9 என்று பின்னமாகவே விட்டுவிட்டு, அடுத்த வரியில் 24 × 15 = 360, 360 ÷ 9 = 40. இரண்டு, பின்னத்தைச் சுருக்குவது: 24/9 என்பது 8/3; 8 × 15 = 120, 120 ÷ 3 = 40.

மூன்றாவது வழியைத்தான் நாங்கள் பெரிதும் பரிந்துரைக்கிறோம். ஒன்றுக்கே இறங்க வேண்டும் என்று கட்டாயம் இல்லை. 9, 15 இரண்டையும் எது வகுக்கும்? 3. அப்படியானால் மூன்று பெட்டிகளில் நின்றுகொள்ளலாம்:

9 பெட்டிகள் – 24 கிலோ
3 பெட்டிகள் – 8 கிலோ
15 பெட்டிகள் – 8 × 5 = 40 கிலோ

தசமமும் இல்லை, பின்னமும் இல்லை. பொதுக் காரணியைப் பார்க்கும் பழக்கம் இங்கேயே வந்துவிட்டால், விகிதம் படிக்கும்போது பிள்ளை தடுமாறாது. சில இடங்களில் ‘ஒன்றுக்கு’ என்ற வரி இல்லாவிட்டால் மதிப்பெண் குறைக்கிறார்கள். அங்கே பின்ன வழியில் எழுதட்டும்; மூன்றுக்கு இறங்கும் வழியை விடை சரிபார்க்க வைத்துக்கொள்ளட்டும்.

கேள்வி: ஒரு கார் 1 மணி 20 நிமிடத்தில் 96 கி.மீ. போகிறது. மணிக்கு எத்தனை கி.மீ.? மகளுக்கு 80 வந்தது. விடைப் பக்கத்தில் 72 என்று இருக்கிறது. எது சரி?

பதில்: 72 தான் சரி. உங்கள் மகள் 1 மணி 20 நிமிடத்தை 1.20 என்று எழுதி வகுத்திருக்கிறாள். 96 ÷ 1.2 = 80 என்று மிச்சமில்லாமல் அழகாக வந்துவிடுவதால் சந்தேகமே எழாது. ஆனால் ஒரு மணிக்கு 100 நிமிடம் இல்லை, 60. 20 நிமிடம் என்பது மணியில் ஐந்தில் ஒன்றல்ல, மூன்றில் ஒன்று.

நேரம் வரும் கணக்குகளில் முதல் வேலை எல்லாவற்றையும் நிமிடமாக்குவது: 80 நிமிடம் – 96 கி.மீ. இப்போது 80-க்கும் 60-க்கும் பொதுவான 20-க்கு இறங்கலாம். 20 நிமிடத்தில் 24 கி.மீ., 60 நிமிடத்தில் 72 கி.மீ. இதே தவறு கிலோ–கிராம், மீட்டர்–சென்டிமீட்டரிலும் வரும்: 2 கிலோ 50 கிராமை 2.50 என்று எழுதுவார்கள், அது உண்மையில் 2.050. தொடக்கப் பள்ளியில் புள்ளி வைப்பதைவிடச் சின்ன அலகுக்கு மாற்றிக்கொள்வதே பாதுகாப்பு.

கேள்வி: ஐந்தாம் வகுப்பில் ‘4 பேர் 6 நாளில் முடிக்கும் வேலையை 8 பேர் எத்தனை நாளில் முடிப்பார்கள்?’ என்று கேட்டேன். ஓரலகு முறையை நன்றாகச் செய்யும் பிள்ளைகள்கூட 12 என்றார்கள். (ஓர் ஆசிரியர்)

பதில்: மூன்று வரி முறையை எந்திரம்போலச் செய்யப் பழகியதன் விளைவு இது. இதற்கு மருந்து, எந்தக் கணக்கிலும் முதல் வரியை எழுதியவுடன் ஒரு கேள்வி கேட்பது: ‘இடப்பக்கம் இரண்டு மடங்கானால் வலப்பக்கம் என்ன ஆகும்?’ இதற்கு மூன்று விதமான விடைகள் வரலாம். மூன்றையும் பிள்ளைகள் சந்திக்க வேண்டும்.

முதலாவது, வலப்பக்கமும் இரண்டு மடங்காகும். நோட்டு–பக்கம், பெட்டி–எடை எல்லாம் இந்த வகை. இங்கேதான் ஒன்றுக்கு இறங்கும்போது வகுக்கிறோம்.

இரண்டாவது, வலப்பக்கம் பாதியாகும். உங்கள் கணக்கு இந்த வகை. நான்கு பேர் ஆறு நாள் செய்வதை ஒரே ஆள் செய்தால் நாள் கூடத்தானே வேண்டும்? ஆகவே நடு வரியில் பெருக்கல் வரும்:

4 பேர் – 6 நாள்
1 ஆள் – 6 × 4 = 24 நாள்
8 பேர் – 24 ÷ 8 = 3 நாள்

அந்த 24-ஐ ‘ஓர் ஆள் 24 நாள் வேலை’ என்று சொல்லிப் பழக்குங்கள். வேலையின் மொத்த அளவு அது. எத்தனை பேர் வந்தாலும் மாறாது. எல்லாரும் ஒரே வேகத்தில் வேலை செய்வதாக வைத்துக்கொள்கிறோம் என்பதையும் சொல்லிவிடுங்கள். சரிபார்ப்பதும் எளிது: முதல் வகையில் இரண்டு பக்கத்தையும் வகுத்தால் வரும் ஈவு எல்லா வரியிலும் ஒன்றாக இருக்கும், இரண்டாம் வகையில் பெருக்கல்பலன் ஒன்றாக இருக்கும். 4 × 6, 1 × 24, 8 × 3 எல்லாம் 24.

மூன்றாவது விடைதான் பாடப் பயிற்சிகளில் அதிகம் தென்படாதது. ஒன்றுமே ஆகாது, அல்லது வேறு எப்படியோ மாறும். இரண்டு சட்டைகளை வெயிலில் விரித்தால் காய 3 மணி நேரம். தாராளமாக இடம் இருந்தால் ஆறு சட்டைகளுக்கும் அதே 3 மணி நேரம்தான். பத்து வயதில் 140 செ.மீ. உயரம் என்பதை வைத்து இருபது வயது உயரத்தைக் கணக்கிட முடியாது. 10 லிட்டர் தண்ணீர் ஏற்கெனவே இருக்கும் தொட்டியைக் குழாய் நிமிடத்துக்கு 3 லிட்டர் வீதம் நிரப்பினால், 5 நிமிடம் கழித்து 25 லிட்டர், 10 நிமிடம் கழித்து 40 லிட்டர்; நேரம் இரட்டித்தும் தண்ணீர் இரட்டிக்கவில்லை. ‘இடப்பக்கம் பூஜ்யமானால் வலப்பக்கமும் பூஜ்யமா?’ என்று கேட்டால் தொட்டிக் கணக்கு உடனே மாட்டிக்கொள்ளும்.

இந்த வரிசையில் எங்களுக்கு மிகவும் பிடித்த கணக்கு ஒன்று: ஒரு நீளக் கட்டையை 3 துண்டாக அறுக்க 6 நிமிடம் ஆகிறது; அதே போன்ற கட்டையை 6 துண்டாக அறுக்க? வேகமான பிள்ளைகள் 12 என்பார்கள். விடை 15. நேரம் எடுப்பது துண்டு அல்ல, அறுப்பு. 3 துண்டுக்கு 2 அறுப்பு, ஆகவே ஓர் அறுப்புக்கு 3 நிமிடம். 6 துண்டுக்கு 5 அறுப்பு. எதை ஒன்றாக்குவது என்ற கேள்வி எவ்வளவு முக்கியம் என்பதை இதைவிடத் தெளிவாகக் காட்டும் கணக்கு அரிது.

கேள்வி: இரண்டு குழாய்களில் எது வேகமானது என்ற ஒப்பீட்டுக் கணக்கில் எதைப் பார்ப்பது?

பதில்: முதல் குழாய் 5 நிமிடத்தில் 65 லிட்டர், இரண்டாவது 8 நிமிடத்தில் 96 லிட்டர் என்று வைப்போம். 96 பெரிதாக இருக்கிறதே என்று இரண்டாவதைச் சொல்லக் கூடாது. நிமிடத்துக்கு 13, 12. முதல் குழாயே வேகம். நிமிடத்துக்கு எத்தனை லிட்டர் என்று பார்த்தால் பெரிய எண் வெல்லும். லிட்டருக்கு எத்தனை விநாடி என்று பார்த்தால் சின்ன எண் வெல்லும். இரண்டு குழாய்க்கும் ஒரே வகை வீதத்தை எடுத்திருக்கிறோமா என்று பார்த்தால் போதும்.

கேள்வி: போகும்போது மணிக்கு 30 கி.மீ., திரும்பும்போது மணிக்கு 60 கி.மீ. சராசரி 45 தானே?

பதில்: இல்லை, 40. ஒரு வழித் தூரம் 60 கி.மீ. என்று வைத்துப் பாருங்கள். போக 2 மணி, வர 1 மணி. மொத்தம் 3 மணி நேரத்தில் 120 கி.மீ. மெதுவான வேகத்தில் அதிக நேரம் செலவாகியிருப்பதால் சராசரி அந்தப் பக்கம் சாய்கிறது. வீதங்களை நேரடியாகக் கூட்டிப் பாதியாக்கக் கூடாது. மொத்தத் தூரம், மொத்த நேரம் இரண்டையும் தனித்தனியாகக் கண்டுபிடித்துப் பிறகு வகுக்க வேண்டும்.

கேள்வி: நாங்கள் படித்தபோது குறுக்குப் பெருக்கலில் ஒரே வரியில் விடை வந்துவிடும். மகனுக்கு அதையே சொல்லித் தரலாமா?

பதில்: அது நல்ல முறை, மிகப் பழைய முறையும்கூட. வேண்டிய அளவைப் பலனால் (தெரிந்த அளவுக்கு நேரே உள்ள எண்ணால்) பெருக்கித் தெரிந்த அளவால் வகுக்கும் அந்த விதியைத் திரைராசிகம் என்ற பெயரில் ஆரியபட்டர் 499-ஆம் ஆண்டு வாக்கில் தந்திருக்கிறார். முந்தைய பெட்டிக் கணக்கில் 24 × 15 ÷ 9 என்று போட்டோமே, அதேதான்.

ஆனால் அவசரம் வேண்டாம். ஒரே வரியில் போட்டால் ‘ஒன்றுக்கு எவ்வளவு’ என்ற வரி மறைந்துவிடுகிறது. அது மறைந்தால் ஆள்–நாள் கணக்கிலும் 6 × 8 ÷ 4 = 12 என்று போட்டுவிட்டு, பிள்ளை நிம்மதியாக அடுத்த கணக்குக்குப் போய்விடும். மூன்று வரி முறையில் எந்த வகைக் கணக்கு என்று பிரித்துச் சொல்லத் தெரிந்த பிறகு தாராளமாகச் சொல்லிக்கொடுங்கள்.

கேள்வி: வீட்டில் பயிற்சி கொடுக்க ஏதாவது கணக்குகள் தர முடியுமா?

பதில்: ஒரே வகையில் இருபது கணக்கு கொடுப்பதைவிடப் பல வகைகளைக் கலந்து ஆறு கொடுப்பது மேல். ஒரே வகையாக இருந்தால் மூன்றாவது கணக்கிலிருந்து பிள்ளை வாக்கியத்தைப் படிப்பதையே நிறுத்திவிடும். விடை சொல்லும் முன் ஒவ்வொன்றுக்கும் ‘இடப்பக்கம் இரட்டித்தால்?’ என்ற கேள்வியைக் கேளுங்கள்.

1. 8 பெட்டிகளில் சமமாக 120 பென்சில்கள். 5 பெட்டிகளில் எத்தனை?
2. 7 நிமிடத்தில் 84 லிட்டர் நிரப்பும் குழாய் 150 லிட்டர் நிரப்ப எவ்வளவு நேரம் ஆகும்?
3. 12 பேர் 5 நாளில் முடிக்கும் வேலையை 10 பேர் எத்தனை நாளில் முடிப்பார்கள்?
4. 6 மீட்டர் கம்பியின் எடை 14 கிராம். 15 மீட்டரின் எடை?
5. 40 நிமிடத்தில் 6 கி.மீ. ஓடுபவரின் வேகம் மணிக்கு எவ்வளவு?
6. 5 பேர் சேர்ந்து ஒரு பாட்டைப் பாட 4 நிமிடம். 10 பேர் சேர்ந்து அதே பாட்டைப் பாட?

விடைகள்: (1) 75. (2) 12 நிமிடம் 30 விநாடி, 12.5 நிமிடத்தை 12 நிமிடம் 50 விநாடி என்று எழுதினால் நேரப் பகுதியை மறுபடி பாருங்கள். (3) 6 நாள். (4) 35 கிராம். 3 மீட்டருக்கு இறங்கினால் வாய்க்கணக்காகவே வரும். (5) 9 கி.மீ. (6) அதே 4 நிமிடம்.